பதில் தட்டு

மூடிக்காரர் அன்றைக்கு மதியச் சாப்பாட்டை முடித்து, ஏப்பம் விட்டுக்கொண்டுதான் கப்பலுக்கு வந்தார். பயந்த மனுஷன் ஏப்பம் விட்டுக்கொண்டு வருவானா? கப்பல் கட்டும் யார்டில் பாதி ஆயுளைத் தொலைத்தவர். டேங்குகளுக்குக் கடைசி மூடியைப் போட்டு முடுக்குவது அவர் வேலை. அதனால் பெற்றவர்கள் வைத்த பெயர் போய் இந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. கோபம் வந்தால் பெண்டாட்டியே அப்படித்தான் கூப்பிடுவாள்.

கப்பல் இன்னும் தண்ணீரைத் தொடவில்லை. கடலைப் பார்த்துச் சரிகிற சிமெண்டுத் தளத்தில் கட்டைகளின்மேல் உட்கார்ந்திருந்தது. அந்தத் தளத்தைப் பற்றி ஊரில் ஒரு பேச்சு உண்டு. அவர் வேலைக்குச் சேர்வதற்கு முன்னால் அங்கே கட்டிய கப்பல் முதல் பயணத்திலேயே மூழ்கிப்போனது. கரையில் நின்று கையசைத்தவர்கள் வீடு போய்ச் சேர்வதற்குள் சேதி வந்துவிட்டதாம். போனவர்களில் ஒருவர்கூடத் திரும்பவில்லை. அப்புறம் வெகுகாலம் அந்தத் தளத்தில் புல்தான் முளைத்தது. புது முதலாளி வந்து, இரும்புக்கு ஏதய்யா ராசி என்று புல்லைச் செதுக்கச் சொன்னார்.

மூடிக்காரர் ராசி பார்க்கிற ஆள் இல்லை. அவருக்குக் கவலையெல்லாம் கொக்கைப் பற்றித்தான். கொக்கு என்பது அவர் மனைவியின் தம்பி. நெட்டை உடம்பு, நீளக் கழுத்து, வேறென்ன பெயர் வைப்பார்கள்? தாய் தகப்பன் போனபிறகு அக்கா இடுப்பில் தூக்கி வளர்த்தவன். பெயருக்குத்தான் மாமன், மச்சான். பிள்ளை இல்லாத அந்த வீட்டுக்கு அவன்தான் பிள்ளை. இந்தக் கப்பலின் எஞ்சின் அறையில் அவனுக்கு வேலை கிடைத்திருந்தது. முதல் பயணத்திலேயே அவனும் போகிறான். அதனாலேயே இந்தக் கப்பலின் மூடிகளை மட்டும் மூடிக்காரர் ஒரு திருகு கூடுதலாக முடுக்கினார்.

அன்றைக்கு மிச்சம் இருந்தது ஒரே ஒரு டேங்க். எஞ்சின் அறைத் தரைக்கு அடியில், எதையும் நிரப்பாமல் காலியாகவே விடுகிற இரும்பு அறை. மூடுவதற்கு முன் செய்யவேண்டியதை எல்லாம் செய்தார். உள்ளே இறங்கி டார்ச் அடித்துப் பார்த்தார். புதுப் பெயிண்ட் வாசனை மூக்கைத் துளைத்தது. ஆள் இல்லை, துணி இல்லை, மறந்துவிட்ட ஸ்பேனர்கூட இல்லை. மேலே ஏறி, மூடியைப் போட்டு, சுத்தியலால் ஒருமுறை ஓங்கித் தட்டிக் காதை வைத்தார்.

இந்தக் காதை வைப்பதில் யார்டுக்கு ஒரு சட்டம் இருந்தது. டேங்குக்குள் யாராவது தப்பித்தவறி மாட்டிக்கொண்டிருந்தால், இரண்டு தட்டுத் தட்டவேண்டும். வெளியே இருப்பவன் ஒன்று தட்டிப் பதில் சொல்லவேண்டும். கேட்டுவிட்டது, பொறு, திறக்கிறேன் என்று அதற்கு அர்த்தம். பதில் தட்டுக் கொடுத்தவன், உள்ளே இருப்பவனை வெளியே எடுக்கிற வரைக்கும் அந்த இடத்தை விட்டு நகரக்கூடாது. வீடு பற்றி எரிந்தாலும் நகரக்கூடாது. இருட்டு டேங்குக்குள் கிடப்பவனுக்கு அந்த ஒரு தட்டுதானே உயிர்!

காதை வைத்தவருக்கு உள்ளேயிருந்து சத்தம் வந்தது.

டொக். டொக்.

பழக்கதோஷம் என்று ஒன்று இருக்கிறதே. மூளை யோசிப்பதற்குள் கை முந்திக்கொண்டது. அவர் ஒன்று தட்டிவிட்டார்.

அப்புறம்தான் உறைத்தது. இப்போதுதானே இறங்கிப் பார்த்துவிட்டு வந்தார்?

மூடியைத் தூக்கினார். பெயிண்ட் வாசனை போன இடம் தெரியவில்லை. கிளிஞ்சலும் சேறும் அழுகிய கடல்நாற்றம் முகத்தில் அடித்தது. டார்ச் வெளிச்சத்தில் ஆள் யாரும் இல்லை. ஆனால் இரும்புச் சுவர்கள் முழுக்க வியர்த்திருந்தன. ஒரு சொட்டை விரலில் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தார்.

உப்பு.

தண்ணீரையே பார்க்காத கப்பல் அது.

மேலே ஓடி மேஸ்திரியைப் பிடித்துக்கொண்டு வந்தார். மேஸ்திரி, யார்டிலேயே எல்லாரையும்விட மூத்தவர், வாயைத் திறந்தால் வசவுதான். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று திட்டிக்கொண்டேதான் இறங்கி வந்தார். குனிந்து மூச்சை இழுத்ததும் திட்டு நின்றுவிட்டது. வேறு யாரும் இல்லை என்று சுற்றிப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

“பதில் குடுத்தியா?”

“குடுத்துட்டேங்க. கை தானா…”

மேஸ்திரி அப்படியே குழாய்மேல் உட்கார்ந்தார். மூழ்கிப்போன முந்தின கப்பலிலும் மூடி போட்டவனுக்கு இதே சத்தம் கேட்டதாம். அவன் பதில் கொடுக்கவில்லையாம். வாயைப் பொத்திக்கொண்டு மூடிவிட்டுப் போய்விட்டானாம்.

“அப்படின்னா நான் குடுத்ததுதான் தப்பா?”

“அவன் குடுக்கல. அப்பவும் கப்பல் போச்சு. நீ குடுத்துட்ட.” மேஸ்திரி அவர் முகத்தைப் பார்க்கவில்லை. “தலைக்கு மேல வெள்ளம் போனா சாண் என்ன, முழம் என்ன. மூடு.”

அவர் மூடினார். ஒரு திருகு கூடுதலாகவே முடுக்கினார். பதில் தட்டுக் கொடுத்த இடத்தை விட்டு வாழ்க்கையிலேயே முதல்முறையாக நகர்ந்து போனார்.

கப்பலைத் தண்ணீரில் இறக்கினார்கள். மிச்ச வேலைகள் முடிந்து, பயணத்துக்குத் தேதியும் குறித்தார்கள். மூடிக்காரர் அதிகாரிகளிடம் சொல்லிப் பார்த்தார். காலி டேங்கில் ஈரம் கோர்த்தது என்றுதான் சொல்ல முடிந்தது; மற்றதைச் சொன்னால் சிரிப்பார்கள். ஒரு பொறியாளர் வந்து திறந்து பார்த்தார். எல்லாம் காய்ந்து, பெயிண்ட் வாசனையோடு சமர்த்தாக இருந்தது. அவர் மூடிக்காரரின் தோளைத் தட்டி, ரெண்டு நாள் லீவு போடுங்க என்று சொல்லிவிட்டுப் போனார்.

வீட்டில் கதை இன்னும் மோசம். கொக்கு புதுச் சட்டையைப் போட்டுக்கொண்டு கண்ணாடியை விட்டு நகர மாட்டேன் என்கிறான். இந்தக் கப்பல் வேண்டாம், அடுத்ததில் போ என்று மாமன் கெஞ்சினார். ஏன் என்று கேட்டான். சொன்னார். அவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். ஊருக்கெல்லாம் மூடி போட்டு மாமாவுடைய சொந்த மூடி லூசாகிவிட்டது என்றான். அக்கா சிரிக்கவில்லை. அவள் புருஷன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் உள்ளே போய் அழுதாள்.

கிளம்புகிற அன்று விடிந்ததும் மூடிக்காரர் அவன் அறையை வெளியே பூட்டிவிட்டார். ஆமாம், பூட்டினார். பிள்ளை திட்டினால் திட்டட்டும், உயிரோடு இருந்து திட்டட்டும். உள்ளே அவன் முதலில் கத்தினான், பிறகு கெஞ்சினான். கடைசியில், இந்த வேலை போனால் உன் முகத்தில் இனி முழிக்கவே மாட்டேன் அக்கா என்றான். அந்த ஒரு வார்த்தையை அவளால் தாங்க முடியவில்லை. புருஷன் குளிக்கப் போன நேரத்தில் அவளே திறந்துவிட்டாள்.

கடல் அன்றைக்குத் தட்டில் ஊற்றிய எண்ணெய் மாதிரி அசையாமல் கிடந்தது. துறைமுகத்தில் நல்ல கூட்டம். கப்பல் சங்கு ஊதிவிட்டு அலைதடுப்புச் சுவரைத் தாண்டியது. வெளியே போய் வளைந்து திரும்பும்போது ஒரு பக்கமாகச் சாய்ந்தது. திரும்புகிற கப்பல் சாயத்தான் செய்யும். கூட்டம் கையசைத்துக்கொண்டே இருந்தது.

அது நிமிரவில்லை.

தூங்குகிறவன் புரண்டு படுப்பதுபோல அது மெதுவாகப் புரண்டது. மேல்தளம் தண்ணீருக்குள் போனது. சிவப்புப் பெயிண்ட் அடித்த அடிவயிறு வெயிலில் பளபளத்துக்கொண்டு மேலே வந்து நின்றது.

காப்பாற்றப் போன முதல் படகில் மூடிக்காரர் இருந்தார். எப்படி ஏறினார் என்று அவருக்கே தெரியாது. கையில் சுத்தியல் இருந்தது. வழுக்குகிற இரும்பில் நாலுகாலால் தவழ்ந்து, எஞ்சின் அறை இருக்கும் இடத்துக்குப் போனார். அவருக்கா இடம் தெரியாது? காலுக்குக் கீழே அந்தக் காலி டேங்க். அதற்கும் கீழே, தலைகீழான எஞ்சின் அறையில் கொக்கு.

அவர் தட்டுவதற்கு முன்பே வந்துவிட்டது.

டொக். டொக்.

அவர் ஒன்று தட்டினார். அழுதுகொண்டே தட்டினார். படகில் கூட வந்த வெல்டரிடம் இரும்பை அறுக்கச் சொன்னார். வெல்டர் முடியாது என்று தலையாட்டினான். உள்ளே அடைபட்ட காற்றில்தான் கப்பல் மிதக்கிறது. ஓட்டை போட்டால் காற்றுப் போகும், கப்பலும் போகும். டைவர்கள் வருகிற வரைக்கும் காத்திருக்கத்தான் வேண்டும்.

மூடிக்காரர் குப்புறப் படுத்துக் காதை வைத்தார். இரும்பில் தட்டுகிற சத்தம் போகும். மனுஷக் குரல் அத்தனை இரும்பைத் தாண்டி வருமா? வந்தது. கிணற்றடியில் இருந்து வருவதுபோல வந்தது.

“மாமா… நீங்களா?”

“நான்தான்டா. பொறு. நான் இங்கயேதான் இருக்கேன்.”

“இருட்டா இருக்கு மாமா. தண்ணி இடுப்பு வரைக்கும் இருக்கு.” துழாவுகிற சத்தம் கேட்டது. “தலைக்கு மேல உங்க மூடி தட்டுப்படுது. கைக்கு எட்டுது.”

டொக். டொக்.

அந்தச் சத்தம் கொக்கு இருக்கிற ஆழத்திலிருந்து வரவில்லை. மூடிக்காரரின் கன்னத்துக்கு நேர் கீழே, காலி டேங்குக்குள்ளிருந்து வந்தது.

“தட்டறீங்களே, கேக்குது மாமா,” என்றான் கொக்கு. அவன் குரலில் சந்தோஷம் இருந்தது. “டேங்குக்குள்ளயே வந்துட்டீங்களா? இருங்க, நான் திறந்து விடறேன்.”

“டேய், அது நான் இல்ல. திறக்காத.”

இந்தத் தடவை அவன் காதில் விழவில்லை. அவர் தொண்டை கிழியக் கத்தினார். சுத்தியலால் கண்டபடி அடித்தார். அடித்த ஒவ்வொரு அடியையும் அவன் மாமன் அவசரப்படுத்துகிறார் என்றுதான் எடுத்துக்கொண்டான் போல. போல்ட் திருகுகிற சத்தம் கேட்டது. கிறீச். முதலாவது கழன்றது. கிறீச். அடுத்தது. கூடுதலாக முடுக்கிய அந்தத் திருகுகளைக்கூட நெட்டைக் கைகளால் ஒவ்வொன்றாகக் கழற்றினான். எவ்வளவு பலம் பாருங்கள் பிள்ளைக்கு. அக்கா ஊட்டி வளர்த்த உடம்பு.

கடைசி போல்ட்டும் கழன்றது.

“மாமா,” என்றான். அப்புறம் மெதுவாக, யாரிடமோ மரியாதையாகப் பேசுவதுபோல, “நீங்கள்லாம் யாருங்க?” என்றான்.

தண்ணீர் கொட்டுகிற சத்தம் மட்டும்தான் அதன்பிறகு. வெகுநேரம் கொட்டியது. கப்பல் பெருமூச்சு விட்டு ஒரு பக்கமாக இறங்க ஆரம்பித்தது. எல்லாரும் படகுக்குத் தாவினார்கள். மூடிக்காரர் நகரவில்லை. பதில் கொடுத்தவன் நகரக்கூடாது என்று சொல்லிச் சொல்லி இரும்பைப் பிடித்துக்கொண்டிருந்தவரை, வெல்டரும் இன்னொருவனும் கையையும் காலையும் பிடித்துத் தூக்கிப்போட்டார்கள். படகு விலகியது. சிவப்பு வயிறு உள்ளே போனது. கடல் மறுபடி எண்ணெய் மாதிரி ஆனது.

வீட்டில் அவர் மனைவி அழவில்லை. நடந்ததைச் சொல்லச் சொல்லிக் கேட்டாள். டேங்கைப் பற்றி அவர் சொல்லவில்லை. தட்டினான், பொறு என்று சொன்னேன் என்பதோடு நிறுத்திக்கொண்டார். அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

“பொறுன்னு சொல்லிட்டு எப்படி வீட்டுக்கு வந்தீங்க?”

அவர் கையில் இருந்த சுத்தியலைக் கீழே வைத்தார்.

மறுநாள் காலையில் அவளைக் காணவில்லை. கடற்கரையில் தேடினார், துறைமுகத்தில் தேடினார். வாட்ச்மேன்தான் கையைக் காட்டினான். காலியாகிப்போன சரிவுத் தளத்தின் நடுவே, சிமெண்டில் காதை ஒட்டவைத்துக் குப்புறக் கிடந்தாள். வெயில் நன்றாக ஏறியிருந்தது. அவள் கையில் அவருடைய சுத்தியல் இருந்தது.

“கீழ யாரோ நடமாடறாங்க,” என்றாள், அவரைப் பார்த்ததும். முகத்தில் ஒரு வெளிச்சம். “தம்பி இருக்கான்ங்க. நான் தட்டிப் பார்க்கறேன்.”

யார்டுச் சட்டம் அவளுக்கு என்ன தெரியும்? எத்தனை தட்டினால் என்ன அர்த்தம் என்று ஒருநாளாவது அவர் வீட்டில் சொன்னதுண்டா? தட்டாதே என்று சொல்ல வாயைத் திறந்துகொண்டு ஓடினார்.

அவள் தட்டினாள். டொக். டொக்.

மாட்டிக்கொண்டவர்கள் தட்டுகிற தட்டு.

அப்புறம் சிமெண்டுக்கு அடியிலிருந்து, மிகத் தெளிவாக, ஒரே ஒரு தட்டு வந்தது.

அவள் கண்ணில் நீர் பொங்கியது. அவர் காலைப் பிடித்துக்கொண்டாள்.

“பதில் சொல்றான். கேட்டுச்சா? உங்க வேலைதானே இது, உங்களுக்குத் தெரியுமே. என்னங்க சொல்றான்?”

மூடிக்காரர் தளத்தைப் பார்த்தார். அவள் கன்னம் பட்ட இடத்தைச் சுற்றிச் சிமெண்டு மெல்ல ஈரமாகிக்கொண்டிருந்தது. அவளைத் தூக்கிப் பார்த்தார். அவள் வரமாட்டேன் என்று தரையைப் பிடித்துக்கொண்டாள். விட்டுவிட்டு ஓட அவரால் முடியவில்லை.

“பொறுக்கச் சொல்றான்,” என்றார். “திறக்க வர்றாங்களாம்.”

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். அவரும் பக்கத்தில் உட்கார்ந்தார். அடியில் எங்கேயோ, கிறீச் என்று முதல் போல்ட் திருகுகிற சத்தம் கேட்டது.