முப்பத்திரண்டை முதலில் கழி

"ஏங்க, இது கேக்கா, கிணறா?"

நனைந்த குடையும் அட்டைப் பெட்டியுமாக அவளுடைய கேக் கடை வாசலில் நின்றான் எதிர்வரிசை மூக்குக்கண்ணாடிக் கடைக்காரன். காலையில் மழைக்கு ஒதுங்கியவன், சும்மா நிற்கக் கூச்சப்பட்டு அக்கா மகளுக்கென்று ஒரு கேக் வாங்கிப் போனான். நடுவில் குழி, உள்ளே பச்சை மாவு. மறக்காமல் பெட்டியின் ரிப்பனை மட்டும் திரும்பக் கட்டியிருந்தான்!

அவளுக்கு அவமானமாக இருந்தது. இந்த வாரத்தில் இது நான்காவது. இன்று மாலைக்குள் ஒன்றாவது ஒழுங்காக வராவிட்டால் அடுப்பை விற்றுவிடுவதாக அண்ணன் கறாராகச் சொல்லியிருந்தான். அடுப்பு போனால் கடை ஏது?

அவளுடைய சமையல் புத்தகம் 350 ஃபாரன்ஹீட் என்றது. அடுப்பிலோ செல்சியஸ் எண்கள். சுவரில் சாக்பீஸால் எழுதி வைத்திருந்தாள்: F = 1.8 × C + 32. அதன் கீழே, 350-ஐ 1.8-ஆல் வகுத்து, அப்புறம் 32-ஐக் கழித்து, 162 என்று விடை.

அவன் அண்ணாந்து சுவரைப் பார்த்தான். "கணக்குல தப்பு இருக்குங்க. அந்த சாக்பீஸைக் குடுங்க..."

அவள் சாக்பீஸை உள்ளங்கையில் இறுக மூடிக்கொண்டாள். "சொல்லாதீங்க. நானே கண்டுபிடிக்கிறேன்."

"ஐயோ... நான் வாயே திறக்கல!"

ஊரார் கண்ணையெல்லாம் சோதிக்கிறவன், இவள் கண்ணைப் பார்த்ததும் சட்டென்று குனிந்துகொண்டான். அட... இவனுக்கு இவ்வளவு வெட்கமா? அவளுக்குக் கோபம் பாதி இறங்கிவிட்டது.

கேக்கை எடுக்கப் பெட்டியின் மூடியை இழுத்தாள். வரவில்லை. மேலே ரிப்பன்... அவள் கை அப்படியே நின்றது. கடைசியாகக் கட்டியது ரிப்பன், அதைத்தானே முதலில் அவிழ்க்க வேண்டும்? கணக்கில் கடைசியாகக் கூட்டியது 32 அல்லவா!

சுவரை அழித்தாள். 350-இல் 32 போனால் 318. அதை 1.8-ஆல் வகுத்தால்... ஏறக்குறைய 177. C தனியாக நின்றது.

"அடுப்பு இத்தனை நாளா பதினஞ்சு டிகிரி குறைச்சலா எரிஞ்சிருக்கு!"

புதிய மாவு உள்ளே போனது. வெளியே மழை கொட்டியது. நாற்பது நிமிடம் இருவரும் ஒருவரை ஒருவர் பார்ப்பதும் பார்க்காததுமாய்...

அண்ணன் வந்து கேக்கின் நடுவே குச்சியைக் குத்தி எடுத்தான். மாவு துளியும் ஒட்டவில்லை. "சரி, அடுப்பு இருக்கட்டும்" என்று முனகிவிட்டுப் போனான்.

"மழை விட்டுடுச்சே... போகலையா?" என்றாள்.

"விட்டு அரை மணி ஆச்சு. வந்து... நான் என்ன சொல்ல வந்தேன்னா..."

அவள் கையை மறுபடி இறுக மூடிக்கொண்டாள்.

"சொல்லாதீங்க. இதையும் நானே சொல்றேன்... எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு."