றஊபுக்குக் கொடுத்த கட்டில்

"றஊப்!" என்று தாதி கூப்பிட்டாள். முகைதீன்பாவாப் போடியார் வாய் திறக்குமுன், ஆஸ்பத்திரி வாட்டின் கடைசி மூலையிலிருந்து யாரோ "ஓம்" என்றார்கள்.

திரும்பிப் பார்த்தார். மாரி மழை ஓட்டில் இரைந்துகொண்டிருக்க, டெட்டோல் நெடியும் ஈரச் சாரன்களின் புழுங்கல் வாடையும் மூச்சை அடைக்க, மஃரிப் தொழுகைக்கு முந்திய அந்தி மங்கலில் அந்த மூலைக் கட்டில் வெறுமையாகக் கிடந்தது.

றஊப் என்பது அவர் இங்கே தன் பெயராகக் கொடுத்த பெயர்தான். மகளுக்குச் சாய்ந்தமருதில் கலியாணப் பேச்சு நடக்கிறது. அடிவயிற்றுக் குடலிறக்கத்தோடு தகப்பன் அரசாங்க ஆஸ்பத்திரியில் படுத்திருக்கிறான் என்று ஊர் கதைக்க விடலாமா? வயல்காணி உள்ள போடியார் குடும்பத்து மானம் பெரிது. அதனால் கல்முனையைத் தாண்டி, தெரிந்த முகமில்லாத ஊரில், போன வருடம் இறக்காமத்து வயலில் யானை மிதித்து மௌத்தான தன் காவற்காரனின் பெயரில் படுத்துக்கொண்டார். செத்தவனுக்கு என்ன நட்டம்?

இரண்டு தரம் வெறும் வயிற்றோடு காக்கவைத்து ஒப்பரேஷனைப் பின்போட்டுவிட்டார்கள். பிள்ளைப்பேறும் விபத்தும் முந்திக்கொண்டன.

"உங்கட கேஸ் அவசரமில்லாதது, காக்கா," என்று சிரித்தார் சிற்றூழியர் கனகரெத்தினம். "புது மாப்பிள மாதிரி விறைச்சிக்கிட்டு இருந்தா டொக்டர் முந்தி எடுப்பாரா?"

ஆனால் இன்று மத்தியானத்திலிருந்து வீக்கம் கல்லாக இறுகிவிட்டது. குடித்த தண்ணீரும் சத்தியாய் வெளியே வந்தது. இனி அது காத்திருக்கும் நோயல்ல.

ட்ரொலி கிரீச்சிட்டபடி மூலைக்குப் போனது. கனகரெத்தினமும் இன்னொருவரும் முக்கி முனகி எதையோ தூக்கி வைத்தார்கள்.

"தம்பி, நான்தான் றஊப்!" என்றார் போடியார்.

"என்ன கதை காக்கா? றஊபைத்தானே ஏத்தியிருக்கம்." கனகரெத்தினம் குனிந்து, புதிய ஆளைப் பார்ப்பதுபோல அவரைப் பார்த்தார். "நீங்க ஆரு?"

உண்மைப் பெயர் தொண்டைவரை வந்தது. எதிர்க் கட்டிலைச் சுற்றி நோயாளியைப் பார்க்க வந்தவர்கள் நின்றார்கள். பேச்சில் தெரிந்தது, சம்பந்தம் பேசும் அதே சாய்ந்தமருதார். எல்லோரும் இவரையே பார்த்தார்கள்.

பெயரை விழுங்கினார்.

ட்ரொலி உள்ளே போக, ஒப்பரேஷன் தியேட்டர் கதவு சாத்திக்கொண்டது. வலி முதுகுவரை ஏறியது. பார்க்க வந்தவர்கள் போனதும் கத்தினார். "நான் முகைதீன்பாவா! போடியார் முகைதீன்பாவா! என்னை எடுங்க!"

"அந்தப் பேர்ல இங்க ஒருத்தரும் இல்ல," என்றாள் தாதி. அவள் கண் அவரைத் தாண்டிச் சுவரில் நின்றது.

எழும்பப் பார்த்தார். கால் வரவில்லை.

ட்ரொலி திரும்பி வந்தது. அவர் கட்டிலருகே நின்றது.

"றஊபின்ட கட்டில் இதுதான். மெல்லமா இறக்கு."

குளிர்ந்த பாரமொன்று பக்கத்தில் சரிந்தது. அவரைச் சுவரோடு நெருக்கியது. துணி விலகியது.

நெஞ்சு பாய்போலத் தட்டையாக நசுங்கியிருந்தது. அப்படியிருந்தும் மூச்சு ஏறி இறங்கியது. அடிவயிற்றில் புத்தம்புதுத் தையல்.

"போடியார்," என்றது அது, பழைய மரியாதையோடு. "கொஞ்சம் தள்ளிப் படுங்க."

தள்ள இடமில்லை. சுவர்.