கூப்பிடாத பேர்

எதிரொலி என்றால் கூப்பிட்ட பேரைத்தான் திருப்பிச் சொல்ல வேண்டும். லோகநாதன் கூப்பிட்டது "சிப்பாய் முனிரத்தினம்" என்று. உப்புக் கொட்டகைக்குள்ளிருந்து திரும்பி வந்தது "ஹாஜிர், சாப்."

ஞாயிற்றுக்கிழமை. ஆம்பூருக்கு வெளியே இருந்த அந்தத் தோல் பதனிடும் டேனரியில் அன்றைக்கு ஈ காக்கை கிடையாது. பட்டாளத்தில் ஹவில்தாராக இருந்து ஓய்வு பெற்று, இப்போது இங்கே செக்யூரிட்டியாக உட்கார்ந்திருக்கும் லோகநாதன்தான் கேட்டை உள்பக்கமாகப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகியிருந்தார். சுண்ணாம்பும் பச்சைத் தோலும் சேர்ந்த வாடை மூக்குக்குப் பழகிப் போயிருந்தது. பெரிய மர டிரம்களிலிருந்து மிச்சத் தண்ணீர் சொட்டுகிற சத்தமும், வெளியே கால்வாயில் கழிவு நீர் ஊர்கிற சத்தமும் காதுக்குப் பழகிப் போயிருந்தன. இந்தக் குரல் மட்டும் பழகியதில்லை. எவனோ வேலையற்றவன் சுவரேறிக் குதித்து வம்பு பண்ணுகிறான் என்று நினைத்துக்கொண்டார். லத்தியை எடுத்துக்கொண்டு கொட்டகைப் பக்கம் நடந்தார்.

அவருடைய ஊர் திமிரிப் பக்கம். வீட்டுக்கு ஒருத்தன் பட்டாளத்துக்குப் போகிற ஊர். மெசபடோமியா, பர்மா, கார்கில் என்று போய்த் திரும்பாமலே இருந்துவிட்டவர்களின் கதைகளை வீடு வீடாகக் கேட்டு அவர் ஒரு புத்தகம் எழுதியிருந்தார். அடுத்த வாரம் நினைவுத்தூண் முன்னால் அதை வெளியிட்டு, ரோல் காலும் நடத்துவார்கள். செத்தவன் பேரைக் கூப்பிட்டதும் அவன் வீட்டு ஆள் ஒருத்தர் அவனுக்காக "ஹாஜிர், சாப்", அதாவது வந்திருக்கிறேன் ஐயா, என்று குரல் கொடுக்க வேண்டும். அதுதான் ஊர் வழக்கம். வீட்டு ஆள் நிற்காத இடத்தில் அந்தப் பேர்களை யாரும் கூப்பிட மாட்டார்கள், ஒத்திகைக்குக்கூட. வருஷா வருஷம் கூப்பிட்டு வந்த சுபேதார் சுப்பராயனுக்குத் தொண்டையில் ஆபரேஷன் ஆகிவிட்டதால் இந்தத் தடவை பொறுப்பு லோகநாதன் தலையில் விழுந்தது.

வீட்டில் செத்தவர்கள் பேரைக் கூப்பிட்டுப் பார்க்க முடியாது. மகன் கார்முகிலன் பனிமலைப் போஸ்டில் நிற்கிறான். மேலே போகிறேன், சிக்னல் இருக்காது, பயப்படாதீங்க என்று சொல்லிவிட்டுப் போனவனிடமிருந்து அப்புறம் போனே இல்லை. காலையில் டிவியில் பனிச்சரிவு என்று ஒரு வரி ஓடியது. மனைவி தனகோடி பார்ப்பதற்குள் லோகநாதன் வயரைப் பிடுங்கிவிட்டு, கரண்ட் போயிடுச்சு என்று புளுகினார். பயத்தை மறக்க ஏதாவது செய்ய வேண்டியிருந்தது. யாருமில்லாத டேனரியில் நாலு தடவை கூப்பிட்டுப் பார்த்தால் குடியா முழுகிவிடும் என்று வந்துவிட்டார். வந்தவர், பழக்க தோஷம், "ஃபாலின்" என்று வேறு, வரிசையில் நிற்கச் சொல்லி ஆர்டர் கொடுத்துவிட்டுத்தான் முதல் பேரைக் கூப்பிட்டார்.

இப்போது கொட்டகை வாசலில் நின்று எட்டிப் பார்த்தார். தோலுக்குப் போடுகிற உப்பைச் சனிக்கிழமை வாரி மட்டம் தட்டிவிட்டுப் போயிருந்தார்கள். வெள்ளை வெளேரென்று தரை. ஒரு பூனை நடந்த தடம்கூட இல்லை. அந்தப் போக்கிரியை வெளியே இழுக்க ஒரே வழிதான் தெரிந்தது. இன்னொரு பேரைக் கூப்பிட்டார்.

"லான்ஸ் நாயக் தாவீது."

பதில் வந்தது. வார்த்தையாக வரவில்லை. நாக்கும் தொண்டையும் மட்டும் சேர்ந்து உருட்டிய ஈரமான சத்தம், "ஆ...இ...ஆ..." என்று. பர்மாவில் தாவீதின் கீழ்த்தாடையைக் குண்டு கொண்டுபோனதையும், அதற்குப் பிறகும் அவர் ஒரு ராத்திரி முழுக்க உயிரோடு கிடந்ததையும் பேரன் இன்பராஜ் சொல்லக் கேட்டு எழுதியவர் லோகநாதன்தான். இன்பராஜ் அழுததால் அந்தப் பக்கத்தைப் புத்தகத்தில் சேர்க்கவில்லை. வெளியில் ஒருத்தருக்கும் அது தெரியாது.

கீழே பார்த்தார். உப்பில் இரண்டு ஜோடி பூட்ஸ் தடம். பக்கத்துப் பக்கத்தில், குதிகால் சேர்த்து, முனை அவரைப் பார்த்து.

கேட்டுப் பக்கம் திரும்பி ஓடப் பார்த்தார். திரும்பிய அதே நொடியில் முதுகுக்குப் பின்னால் பூட்ஸ்கள் ஒரே சத்தமாகத் திரும்பின. அவர் நின்றார். அந்தச் சத்தமும் நின்றது. பின்னாலேயே வருவார்கள் என்று புரிந்தது. ஃபாலின் சொன்னவன் அவர். அவர் கலைக்காமல் இந்த வரிசை கலையாது. இந்த வரிசையை இழுத்துக்கொண்டு தனகோடி தனியாக இருக்கும் வீட்டுக்கா போவது?

திரும்பி வந்து, "லைன் தோட்" என்று கலையச் சொன்னார். ஒருவரும் அசையவில்லை. ரோல் கால் முடியாமல் எந்தப் பட்டாளமும் கலையாது, இது அவருக்கே தெரிந்ததுதான். சரி, முடித்துத் தொலைப்போம் என்று எல்லாப் பேரையும் கடகடவென்று கூப்பிட ஆரம்பித்தார். ஒவ்வொரு பேருக்கும் ஒரு குரல். ஒன்று இருமிக்கொண்டு. ஒன்று தண்ணீருக்குள்ளிருந்து. ஒன்று மீசை முளைக்காத பிள்ளைக் குரல். உப்பு நெரிபட்டது. தடம் பக்கத்தில் தடம். கூரை வழியாக வந்த வெளிச்சம் மங்கி மங்கி, வெள்ளைத் தரை மட்டும் தெரிந்தது. அழுதுகொண்டே கூப்பிட்டார். கடைசிப் பேரும் முடிந்தது.

"லைன் தோட்."

அசையவில்லை.

"முடிஞ்சுடுச்சு. எல்லாரும் போங்க," என்றார். கும்பிட்டார். "போய்டுங்க சாமி."

வரிசையின் கோடியில் ஒரு ஆள் நிற்கிற இடம் காலியாக இருந்தது. அங்கே உப்பு மெதுவாக அமுங்கியது. ஒரு கால். பிறகு இன்னொரு கால்.

"அப்பா."

கார்முகிலனின் குரல். லோகநாதன் ஒரு அடி பின்னால் வைத்தார்.

"எம் பேர கூப்டலயே நீ."

"நீ இந்த லைன்ல இல்லடா." கையை ஆட்டி மறுத்தார். "நீ மேல இருக்கற. சிக்னல் இல்ல, அவ்ளோதான். லீவு போட்டுட்டு வந்துடு. அம்மா கறி எடுத்து வெச்சிருக்குறா."

"குளுருதுப்பா. கூப்டு. கூப்டாதான் எல்லாரும் போக முடியும்."

சட்டைப் பையில் போன் அதிர ஆரம்பித்தது. எடுத்துப் பார்த்தார். மகனுடைய யூனிட் நம்பர். எடுத்தால் அந்தப் பக்கத்து ஆள் முதலில் சொல்லப்போவது ஒரு பேரைத்தான். போனை எறிந்தார். அது உப்பில் விழுந்து அங்கேயும் அதிர்ந்தது.

கூப்பிட மாட்டேன். நான் கூப்பிடாதவரைக்கும் அவன் சாகவில்லை. மாட்டேன்.

ஆனால் இருபது வருஷப் பழக்கம் நாக்கில் இருந்தது. வரிசையில் ஒருத்தன் பேருக்காகக் காத்து நிற்கிறான். நாக்கு தானாக மேலே எழும்பியது. முதல் எழுத்து தொண்டைக்கு வந்துவிட்டது.

மண்டியிட்டார். இரண்டு கையாலும் உப்பை வாரி வாய்க்குள் திணித்தார். பச்சைத் தோல் வாடை ஊறிய உப்பு. குமட்டியது. இன்னும் திணித்தார். உதடு வெடித்தது. இன்னும்.

"அப்பா," என்றது குரல், முன்பைவிடப் பக்கத்தில்.

கண்ணுக்கு நேரே இரண்டு பூட்ஸ் தடங்கள். அவற்றுக்குள் உப்பு கரைந்து, பனித்தண்ணீர் ஊறி நிரம்பிக்கொண்டிருந்தது.