கட் சொன்ன பிறகு

நாயகி நடப்பதை நிறுத்திய பிறகும் ஒரு காலடி கேட்டது.

தேவிப்ரியா காட்சியைப் பின்னுக்கு ஓட்டி மறுபடி கேட்டாள். கூடத்தின் குறுக்கே நடந்து வரும் பெண் ஜன்னலருகே நின்றுவிடுகிறாள். அதற்குப் பிறகு, தரைக்கு அடியிலிருந்து, பலகையைக் குதிகாலால் தட்டுவதுபோல் மெத்தென்று ஒரு சத்தம். பிள்ளையார்பாளையத்தில் அந்தப் பிற்பகல் முழுக்க மழை. ஈரச் சுவரின் வாடையும் சூடேறிய கம்ப்யூட்டரின் நெடியும் கூடத்தில் கலந்து கிடந்தன.

அது அவள் அமைத்த கூடம்தான். படப்பிடிப்புக்கு எடுத்த இந்த வீட்டின் நடுவே, நெசவாளர் காலைத் தொங்கவிட்டு உட்காரும் தறிக்குழி இருந்தது. அதன்மேல் பலகை அடித்து, சிவப்புத் தரைபோல வண்ணம் பூசியிருந்தாள். இயக்குநர் ராஜவேலுவின் முதல் படத்திலிருந்து அரங்கம் அமைத்தவள் அவள். சாரத்திலிருந்து விழுந்து இடுப்பு ஒடிந்தபோது, "உன் கண்ணு எனக்கு வேணும்மா" என்று சொல்லி எடிட்டிங் கற்க வைத்தவனும் அவன்தான். இந்தப் படத்தை இதே வீட்டில் உட்கார்ந்து வெட்டச் சொன்னதும் அவன்தான்.

கைப்பேசியில் அழைத்தாள்.

"வேலு, தரைக்கு அடியில சத்தம் வருது."

"எலியா இருக்கும். கட் பண்ணிடு." பிறகு கேட்டான், "நீ அங்கதான இருக்கே?"

"ஆமா."

"சரிம்மா."

வைத்துவிட்டான்.

அவள் வெட்டவில்லை. 'கட்' என்ற குரலுக்குப் பின்னும் ஒலிப்பதிவு ஓடியிருந்தது. ஆட்கள் கலையும் சத்தம். ஒயர் சுருட்டும் சத்தம். பிறகு வீட்டுக்காரி காந்தாவின் தாழ்ந்த குரல்.

"குழியை மூடுனதுலேர்ந்து உள்ள இருக்கிறது உதைச்சிக்கினே இருக்குதுப்பா. ஆள் குடுக்காம உங்களை வுடாது."

"ஆள் இருக்குது," என்றான் ராஜவேலு. "குழியை மூடுனவளேதான். நான் சொன்னா வந்து உக்காருவா. ஏன்னுகூட கேக்க மாட்டா."

"யாரும் தேட மாட்டாங்களா?"

"அவளுக்கு நான்தான்மா எல்லாம்."

அந்தக் குரலில் எங்காவது ஒரு தயக்கம் இருக்கிறதா என்று தேடினாள். நடிகர்களின் மூச்சில் பொய்யைக் கண்டுபிடித்துப் பழகிய காது. ஒன்றும் இல்லை. மதியச் சாப்பாட்டைப் பற்றிப் பேசும் அதே குரல்.

இடுப்பைப் பிடித்துக்கொண்டு வாசலுக்குப் போனாள். வெளியே பூட்டியிருந்தது.

"காந்தாம்மா, திறங்க."

கதவுக்கு அந்தப் பக்கம், மிக அருகில், வளையல் அசைந்தது. யாரோ மூச்சு விட்டார்கள். பூட்டு அசையவில்லை.

அப்போதும் அவள் விரல் வேலுவின் எண்ணைத்தான் அழுத்தியது. வேறு எந்த எண்ணும் நினைவுக்கு வரவில்லை. மணி அடித்தது. அடித்துக்கொண்டே இருந்தது.

பின்னால் ஓர் ஆணி கழன்று விழுந்தது.

இன்னொன்று.

திரும்பினாள்.

பலகை நிமிர்ந்து நின்றது. குழியின் விளிம்பில், அவளுக்கு முதுகைக் காட்டி, ஏதோ உட்கார்ந்திருந்தது. ஈரமான, எலும்பு துருத்திய முதுகு. அது திரும்பிப் பார்க்கவில்லை. மெல்ல ஒரு பக்கமாக நகர்ந்து, ஒருவர் உட்காரும் அளவுக்கு இடம் விட்டது. பிறகு கையால் அந்த இடத்தைத் துடைத்தது.