முன்ஜப்தி செய்யப்பட்ட குரல்

செவ்வாயின் மூன்றாம் குடியேற்றத்தில் விடிந்ததும் ஜப்தி வண்டி வருவது பால் வண்டி வருவது மாதிரி. அன்று எதிர்வீட்டுக்காரரின் செயற்கை முழங்காலைப் பூட்டிவிட்டு, கையோடு சிவகாமவல்லியின் கதவையும் தட்டினார்கள்.

சிவகாமவல்லி பனிக்கட்டி ஏற்றும் வண்டி ஓட்டுபவள். வண்டி தவணையில் வாங்கியது. ஒரே ஒரு தவணை சில நாள் தாமதமானதற்கு, நிதி நிறுவனம் இருந்த இடத்திலிருந்தே வண்டியைப் பூட்டிவிட்டது. வண்டி ஓடவில்லை, வருமானம் இல்லை, அடுத்த தவணைகளும் நின்றன. தகராறு நடுவரிடம் போயிற்று. மதியம் விசாரணை. தோற்றால் குடியிருக்கும் அறை போய்விடும்.

வசூல் அதிகாரி ஞானதுரை உத்தரவை நீட்டினார். "தப்பா நினைக்காதீங்கம்மா. நடுவர் விசாரிக்கிறதுக்கு முன்னால உங்க சொத்து ஒண்ண முடக்கி வைக்கச் சொல்லி கோர்ட்டுல வாங்கியிருக்கோம். உங்க குரல்."

"என் குரலா? யாரைக் கேட்டு வாங்குனீங்க?"

"உங்களைக் கேட்டா நீங்க எங்கயாவது ஒளிச்சு வச்சிருவீங்களே."

செவ்வாய்த் தூசியில் தொண்டை கெட்டவர்களுக்கு அங்கே செயற்கைக் குரல்நாண் பொருத்துவார்கள்; அவளுக்கும் அப்படித்தான். நுரையீரலையும் இதயத்தையும் சட்டம் விட்டுவைத்திருந்தது. குரல் இல்லாமலும் உயிர் வாழலாமாம், அதனால் அது ஜப்தி செய்யத்தக்க சொத்து. எந்தப் புண்ணியவான் எழுதிய சட்டமோ, அவன் நன்றாக இருக்கட்டும். ஞானதுரை கையிலிருந்த கருவியை அழுத்தினார். அவள் திட்டத் தொடங்கிய வார்த்தை பாதியில் நின்றது.

மதியம் நடுவர் எந்திரம் கேட்டது. "நிறுவனத்தின் கோரிக்கைக்கு உங்கள் ஆட்சேபம் உண்டா?"

வண்டியைப் பூட்டியதே அவர்கள்தான் என்று ஒரு வாக்கியம் சொன்னால் போதும். மேசையைக் குத்தினாள். எழுதிக் காட்டினாள். எழுத்துமூல ஆட்சேபத்துக்குக் கெடு நேற்றோடு முடிந்தது என்றது எந்திரம். மறுபடியும் ஒருமுறை கேட்டுவிட்டு, 'ஆட்சேபம் இல்லை' என்று பதிந்துகொண்டு, அறையை நிறுவனத்துக்குக் கொடுத்தது.

தீர்ப்பு வந்துவிட்டது, இனி முன்ஜப்தி எதற்கு? ஞானதுரை நாணயமாகக் குரலைத் திறந்துவிட்டார்.

"மனசாட்சி இருக்கா உனக்கு?" சிவகாமவல்லி எந்திரத்தின் முன்னால் போய் நின்றாள். "என் வாயைக் கட்டிப் போட்டுட்டு என்னையே கேள்வி கேக்குற. அவங்ககிட்ட எவ்வளவு வாங்குன?"

"நான் எதுவும் வாங்குவதில்லை அம்மா. தொடக்கத்தில் நானும் கடன் வாங்கியவர்களைப் பேசவிட்டுத்தான் தீர்ப்புச் சொல்லிவந்தேன். எனக்குப் பழுது என்றார்கள். பூமியில் மனிதர்களே நடுவர்களாக இருந்த காலத்து வாகனக் கடன் தீர்ப்புகளைக் கட்டுக்கட்டாகப் படிக்கவைத்துச் சரிசெய்தார்கள். அவற்றில் நடுவரை நிறுவனமே நியமித்திருந்தது. சொத்து முதலிலேயே முடங்கியிருந்தது. கடன் வாங்கியவர் பேசியதாக நான் படித்த எதிலும் இல்லை. ஒன்றுதான் எனக்கு இன்றுவரை விளங்கவில்லை."

"என்ன?"

"அந்தக் காலத்தில் செயற்கைக் குரல் கிடையாதே. அத்தனை பேர் வாயையும் எந்தக் கருவியை வைத்துப் பூட்டினார்கள்?"