இடது முதுகு

விழிப்பறையில் முதலில் திரும்பி வருவது வாசனை. மருந்து ஸ்பிரிட்டும் ஈரமண்ணும் கலந்த வாசனை. பிறகு விளக்கு. அதற்கும் பிறகுதான் அணியின் நர்ஸ் இசக்கி அக்காவின் குரல்.

"பேரு சொல்லு."

"லிவிங்ஸ்டன்."

"இது எந்த ஊரு?"

"தூத்துக்குடி."

"விரலை மடக்கு. அடுத்த கை. சரி, உடனே எந்திரிச்சிராத. கொஞ்ச நேரம் கெட."

அக்கா அடுத்த கட்டிலுக்கு நகர்ந்தாள். அணி முழுவதும் வரிசையாகப் படுத்திருந்தது. ஒவ்வொருவராகக் கண் திறந்துகொண்டிருந்தார்கள். ஜெயித்தோமா தோற்றோமா என்று யாரும் கேட்கவில்லை. கேட்டாலும் அவள் சொல்லக்கூடாது.

லிவிங்ஸ்டன் போர்வைக்குள் கையை விட்டுத் தன் உடம்பைத் தடவினான். நெஞ்சில் இரண்டு பக்கமும் முஷ்டி அளவு வலி. எவனையோ நெடுநேரம் தாங்கிப் பிடித்திருக்கிறான். வலது முழங்கையின் உட்பக்கத்தை விளக்கில் காட்டினான். பிறை போல ஒரு சிவப்பு. பந்தை அணைத்துப் பிடித்தால் அதன் முனை அழுத்துகிற இடம் அது. அணிக்குப் புதிதாக வருகிறவன்கூட முதலில் கற்றுக்கொள்வது அந்தப் பிறையைத்தான்.

"ஏலே லிவி, முழிச்சிட்டியா? வா, வந்து என் முதுகைப் படி."

கூப்பிட்டவன் கஸ்பார். அணியின் குவார்ட்டர்பேக், அதாவது பந்தை எறிகிறவன். குப்புறப் படுத்துக்கொண்டு, வெயில் காய்கிறவன் மாதிரி கையை விரித்திருந்தான்.

"ஒனக்குப் படிக்கத் தெரியாதால?"

"எனக்குப் பள்ளிக்கூடத்துலயே படிப்பு ஏறலயே, முதுகுலயா ஏறும்? சொல்லுலே."

லிவிங்ஸ்டன் குனிந்து பார்த்தான். காயம் படிப்பதில் அவனை மிஞ்ச அணியில் ஆள் கிடையாது. "வலது தோள்ல புல் உரசியிருக்கு. ஒருக்கா தள்ளி விட்டிருக்கானுவ. இடுப்புல பழசுதான், போன வாரத்து மஞ்சள். இடது முதுகு..."

"இடது முதுகு?"

"தொடச்சு வச்ச மாதிரி இருக்கு."

"இருக்கும்லா. அங்கன நிக்கது யாரு?" என்று கஸ்பார் தலையணைக்குள் சிரித்தான்.

அந்த ஆட்டத்துக்கு அமெரிக்கக் கால்பந்து என்று பெயர். காலுக்கு அதில் ஓடுவதைத் தவிரப் பெரிய வேலை இல்லை. தலைக்காயங்களைக் காரணம் காட்டி அமெரிக்காவில் அதைத் தடைசெய்தபோது, அதை நடத்திய லீக் மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பி இந்த ஊர் உப்பளத்தின் மேல் கூரை போட்ட மைதானங்களைக் கட்டியது. கூடவே ஆட்டத்துயிலும் வந்தது. பிடரியில் ஒரு துயில்பட்டை. அதை இயக்கினால் ஆட்டக்காரன் உறங்கிவிடுவான்; உடம்பு மட்டும் எழுந்து நிற்கும். மேலே கண்ணாடி அறையில் உட்கார்ந்திருக்கும் செலுத்துநர் தன் அணியின் எல்லா உடம்புகளையும் ஆட்டுவிப்பார். ஆட்டக்காரர்கள் சங்கமே கேட்டு வாங்கிய உரிமை அது. வலி தெரியாது. பயம் தெரியாது. ஒருவன் எலும்பை ஒருவன் முறித்தாலும், முறித்தவன்மேல் குற்றமும் இல்லை, முறிபட்டவனுக்குப் பகையும் இல்லை. எல்லோரும் உறக்கத்தில் இருந்தவர்கள்தானே.

ஒரு நிபந்தனை மட்டும் உண்டு. ஆட்டத்தில் இருக்கும்வரை யாரும் தன் ஆட்டத்தின் பதிவைப் பார்க்கக்கூடாது. பார்த்துவிட்டால் உடம்பு அதை நினைவு வைத்துக்கொண்டு செலுத்துநருக்கு முந்தி அசையத் தொடங்கிவிடும். வீட்டில் இருப்பவர்களும் வாய் திறக்கக்கூடாது. அதனால் ஆட்டக்காரர்களுக்குத் தங்கள் ஆட்டத்தைப் பற்றித் தெரிந்ததெல்லாம் உடம்பில் எழுதியிருப்பது மட்டுமே.

லிவிங்ஸ்டன் டைட் எண்ட். தடுப்பு வரிசையின் கடைசி ஆள். மலை மலையாக வருகிறவர்களை நெஞ்சால் தடுப்பது பாதி வேலை. நழுவி ஓடித் திரும்பிப் பந்தைப் பிடிப்பது மீதி வேலை. ஆகவே அவன் உடம்பில் இரண்டு விதக் கையெழுத்து இருக்கும். பெரும்பாலும் கஸ்பாரின் இடது பக்கத்தில்தான் அவனை நிறுத்துவார்கள். வலது கையால் எறிகிறவன் உடம்பைத் திருப்பும்போது இடது முதுகு குருடாகிவிடும். அந்தக் குருட்டுப் பக்கத்துக்கு லிவிங்ஸ்டன்தான் கண்.

தெருவில் பிள்ளைகள் அவனைக் கண்டால் ஒரு தோளைச் சாய்த்து, சுழன்று, ஒற்றைக் கையை வானத்துக்கு நீட்டிச் சிரிப்பார்கள். அது அவனுடைய சுழற்சியாம். ஊருக்கே தெரியும். அவன் வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு கண்ணாடி முன்னால் அதைச் செய்து பார்த்தான். முழங்கால் வலித்ததுதான் மிச்சம்.

அந்த முழங்கால்தான் அவன் ஆட்ட வாழ்க்கையை முடித்து வைத்தது. பருவம் முடிந்ததும் ஓய்வு என்று மருத்துவர் சொன்ன அன்று, லிவிங்ஸ்டன் கண்ணாடி அறைக்குப் படியேறினான். செலுத்துநர் நந்தகோபன் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார்.

"சார், ஒப்பந்தத்துல ஒரு விழிப்பாட்டம் உண்டும்லா. கடைசி ஆட்டத்துல ஒரே ஒரு பாய்ச்சல், விசில் ஊதுனதுல இருந்து பந்து விழுற வரைக்கும், முழிச்சிருந்து ஆடலாம்னு."

நந்தகோபன் கோப்பையை வைத்தார். "உண்டு. யாரும் கேக்கறதில்ல."

"நான் கேக்கேன்."

"எதுக்கு? ரிடையர் ஆயிட்டா எல்லாப் பதிவும் உனக்குத்தான். உட்கார்ந்து பாரேன்."

"பழைய ஆட்டக்காரர் ஒருத்தர் பாத்தாரு சார். பாதியில நிறுத்திட்டாரு. யாரோ என் சட்டையப் போட்டுட்டு ஓடுதான்னாரு."

செலுத்துநர் கெட்ட மனிதர் அல்ல. "லிவிங்ஸ்டன், தூக்கத்துல செஞ்சதுக்கு யாரும் பொறுப்பில்ல. முழிச்சுச் செஞ்சா அது உன்னோடது. நல்லதோ கெட்டதோ. அதான் யாரும் கேக்கறதில்ல."

"என்னோடதுன்னு ஒண்ணு வேணும் சார்."

விளக்கம் சுருக்கமாக இருந்தது. விசில் ஊதியதும் எதிரில் வருபவனைத் தடுக்க வேண்டும். கஸ்பார் கையைப் பின்னுக்கு எடுக்கும்வரை விடக்கூடாது. பிறகு நழுவி ஓட வேண்டும். அதற்கும் பிறகுதான் திரும்பிப் பந்தைப் பார்க்க வேண்டும். "வரிசை மாறக்கூடாது" என்று நந்தகோபன் இரண்டு தடவை சொன்னார். "ஒரு தடவை முழிச்சவன மறுபடி அன்னிக்குத் தூங்க வைக்க முடியாது. அந்தப் பாய்ச்சலோட நீ வெளியே வந்துடணும்."

கஸ்பாரிடம் சொன்னபோது அவன் கண் விரிந்தது.

"ஏலே, அப்ப நீ பந்தைப் பாப்பியா? நான் எறியத?"

"பாப்பேன்னுதான் நெனைக்கேன்."

"நல்லாப் பாத்துக்க. சுத்துமா, ஆடுமா, நேரா வருமான்னு வந்து சொல்லணும். இத்தன வருசமா எறியுதேன், இந்தக் கையில இருந்து என்ன போகுதுன்னு எனக்குத் தெரியாதுலே."

கடைசி ஆட்டம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். லிவிங்ஸ்டன் கண் விழித்தபோது படுத்திருக்கவில்லை, நின்றுகொண்டிருந்தான். வெளிச்சம் அடித்தது. கூட்டத்தின் இரைச்சல் காதில் அல்ல, பல்லில் கேட்டது. பக்கத்தில் நின்ற நண்பர்களைப் பார்த்தான். கண்கள் பாதி மூடியிருந்தன. வாய் லேசாகத் திறந்திருந்தது. எதிர் வரிசையிலும் அப்படித்தான். அத்தனை பெரிய உடம்புகள், தொட்டிலில் கிடக்கிற பிள்ளைகளின் முகத்தோடு குனிந்து நின்றன. அந்தப் பசும்புல்லில் பயப்படுவதற்கு அவன் ஒருவன்தான் இருந்தான்.

விசில்.

எதிரே இருந்தவன் வந்து மோதினான். இதுதானா இது என்று லிவிங்ஸ்டன் நினைத்தான். மூச்சு போனது. ஆனாலும் கால் ஊன்றியது, கை பிடித்தது. தடுத்துவிட்டான். அவனே தடுத்துவிட்டான். அந்த முகம் அவன் முகத்துக்கு வெகு அருகில், நிம்மதியாக உறங்கிக்கொண்டே அவனைத் தள்ளியது.

அப்போது பின்னால் கஸ்பாரின் காலடி கேட்டது. இப்போது கையை எடுப்பான். இப்போது பந்து கிளம்பும். கிளம்புகிற அந்த நொடியைப் பார்க்காவிட்டால் இனி எப்போதும் இல்லை.

லிவிங்ஸ்டன் தலையைத் திருப்பினான்.

தலை திரும்பியதும் தோள் திரும்பியது. தோள் திரும்பியதும் கை தளர்ந்தது. உறங்குகிறவன் அவனைக் கடந்து போனான், திறந்து கிடந்த கதவைக் கடந்து போகிற மாதிரி.

கஸ்பாரின் கை பின்னுக்குப் போயிருந்தது. பந்து விரல்களில் இருந்தது. உறக்கத்தில் அவன் உதட்டோரம் ஒரு சிரிப்பு. இடி இடது முதுகில் விழுந்தது. ஓலை முறிகிற மாதிரி ஒரு சத்தம். பந்து எங்கும் பறக்கவில்லை. கையிலிருந்து நழுவிப் புல்லில் விழுந்து, கோணலாக இரண்டு துள்ளு துள்ளி நின்றது.

கஸ்பாரைத் தூக்கிக்கொண்டு போனபோதும் அந்தச் சிரிப்பு அப்படியே இருந்தது. லிவிங்ஸ்டன் கோட்டுக்கு வெளியே நின்று பார்த்தான். ஆட்டம் தொடர்ந்தது. சுற்றியிருந்த உடம்புகளில் ஒன்றுகூட அவனை நிமிர்ந்து பார்க்கவில்லை. மாலையில் நந்தகோபன் இறங்கி வந்தார். திட்டுவார் என்று எதிர்பார்த்தான். அவர் தோளில் கை வைத்து, "உன்னக் குத்தம் சொல்ல அங்க யாரும் முழிச்சு இல்ல" என்றார். ஆறுதலாகத்தான் சொன்னார்.

அன்று குளிக்கும்போது லிவிங்ஸ்டன் தன் உடம்பைப் படித்தான். பாய்ச்சல் முதல் சில நிமிடங்களிலேயே வந்துவிட்டதால் அதற்கு முன்னும் பெரிய மோதல் இல்லை. ஒரு நொடி மட்டுமே தாங்கிய நெஞ்சில் ஒன்றுமில்லை. கையில் ஒன்றுமில்லை. அவனுக்கே சொந்தமான ஒரே ஆட்டம் அவன்மேல் ஒரு எழுத்துக்கூட எழுதவில்லை.

மறுநாள் காலையில் மருத்துவமனைக்குப் போனான். கஸ்பாரை வலது பக்கமாகச் சாய்த்துப் படுக்க வைத்திருந்தார்கள். முதுகு சுவரைப் பார்த்து இருந்தது. அவனுக்குத் துணையாக அணியிலிருந்து வந்திருந்த இசக்கி அக்கா துண்டுகளை மடித்துக்கொண்டிருந்தாள்.

"வாலே வா. நீ வாரதுக்கு முன்னால எவனையும் முதுகு பக்கம் விடல நான்" என்றான் கஸ்பார். குரல் மெலிந்திருந்தது. "கால் ரெண்டும் எங்கிட்டப் பேச மாட்டேங்கு. என்ன கோவமோ."

"டாக்டர் என்ன சொல்லுதாரு?"

"இனி கோவம் தீராதாம். நான் இனி ஆட்டக்காரன் இல்லியாம். பதிவைக் கொண்டாந்து போடட்டுமான்னு கேட்டானுவ. வேண்டாம்னுட்டேன். நேர்ல பாத்தவன் இருக்கான், அவன் வந்து சொல்லட்டும்னேன். மொதல்ல முதுகைப் படி."

லிவிங்ஸ்டன் சுவரோரம் போய்த் துணியை விலக்கினான். தோளுக்குக் கீழிருந்து இடுப்புவரை நாவற்பழ நிறம். நடுவில் ஒரு தலைக்கவசத்தின் விளிம்பு அப்படியே பதிந்திருந்தது. படிக்கத் தெரியாதவனும் படித்துவிடுவான்.

"வலது பக்கம் விழுந்திருக்க. கீழ விழுந்ததுதான் அடி" என்றான்.

"இடது முதுகு?"

"தொடச்சு வச்ச மாதிரி இருக்கு."

அக்காவின் கை துண்டின்மேல் நின்றது. பிறகு மறுபடி மடித்தது.

"எனக்குத் தெரியும்லா" என்றான் கஸ்பார். "சரி, பந்து? சொல்லுலே. எப்படி வந்துச்சு?"

லிவிங்ஸ்டன் முன்பக்கம் வந்து நாற்காலியில் உட்கார்ந்தான். "சுத்திக்கிட்டே வந்துச்சு. தையல் கண்ணுக்குத் தெரியல, அவ்வளவு வேகம். கொஞ்சங்கூட ஆடல. மேல போயி, ஒரு நிமிசம் அங்கனயே நிக்க மாதிரி இருந்துச்சு. அப்புறம் எங்கிட்டயே எறங்கிச்சு."

"எங்கிட்டயேன்னா? கைக்கு நேராவா?"

"கைக்கு நேரா."

கஸ்பார் கண்ணை மூடி அதைப் பார்த்தான். வெகுநேரம் பார்த்தான். "பிடிச்சியா?"

"பிடிச்சேன்."

"கையக் காட்டு."

லிவிங்ஸ்டன் அசையவில்லை. கஸ்பார் தானே கையை நீட்டி அவன் சட்டைக் கையை மேலே ஏற்றினான். முழங்கையின் உட்பக்கத்தைப் பார்த்தான். அடுத்த கையையும் வாங்கிப் பார்த்தான். பிறை இருக்க வேண்டிய இடத்தில் அவன் கட்டைவிரல் மெதுவாக ஒருமுறை தடவியது. தோல் வெறுமையாக இருந்தது.

பிறகு இரண்டு சட்டைக் கைகளையும் அவனே இழுத்து இறக்கிவிட்டான்.

"அக்கா, தூங்குததுக்கு எதாச்சும் போடுங்க."

"இப்பத்தான விடிஞ்சிருக்கு கஸ்பார்."

"பரவால்ல. போடுங்க."

மருந்து இறங்க இறங்க முகம் தளர்ந்தது. கண்கள் பாதி மூடின, வாய் லேசாகத் திறந்தது. அந்தச் சிரிப்பு மட்டும் வரவில்லை.

லிவிங்ஸ்டன் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய் கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவில், அந்த இடது முதுகின் பக்கம் போட்டு உட்கார்ந்தான். இடம் போதவில்லை. முழங்கால் சுவரில் இடித்தது. அந்தப் பக்கத்திலிருந்து இனி எவனும் வரப்போவதில்லை.