எட்டாவது மொட்டு

கயிறு தரையில் படும் சத்தம் கேட்கவில்லை. கண்ணாடி வீட்டுக்கு வெளியே மகள் ஸ்கிப்பிங் ஆடிக்கொண்டிருந்தாள். டக், டக் என்று மண்டையைத் துளைத்த அந்தச் சத்தம் மெல்ல இழுபட்டு, அடித்தொண்டை முனகலாகி, இப்போது அதுவும் இல்லை. உள்ளே வேலையில் இருந்த அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. தொல்லை விட்டது என்று, மொட்டின் மேலிருந்த பிசினைத் தூரிகையால் துடைத்தாள்.

காலச்செடி வளர்ப்பதுதான் அவள் படித்த படிப்பு, பார்க்கும் வேலை. செடி மொட்டு விட்டால், கதவை மூடியதும் அதைச் சுற்றி நேரம் மெல்ல மெல்ல வேகம் பிடிக்கும். வேகம் ஏறியபின் வெளியே பத்து நிமிஷம் என்றால் உள்ளே ஒரு நாள். மொட்டு விரியும்போது எவ்வளவு வேகம் என்று யாருக்கும் தெரியாது, ஒன்றுகூட விரிந்ததில்லை. ஏழு மொட்டு உதிர்ந்தாயிற்று. இதுவும் உதிர்ந்தால் இந்த இடத்தை இழுத்து மூடிவிடலாம் என்று மேலதிகாரி காலையில் சிரித்துக்கொண்டே சொன்னார். அந்தச் சிரிப்பை நினைத்தாலே அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

உள்ளே பசிக்காது, தூக்கம் வராது, கடிகாரம் தாறுமாறாக ஓடும். நகம் மட்டும்தான் பொய் சொல்லாது. ஒட்ட வெட்டிக்கொண்டு நுழைய வேண்டும். விளிம்பில் வெள்ளை தெரிந்ததும் கதவைத் தட்ட வேண்டும். காற்று புகுந்தால் மொட்டு உதிரும் என்பதால் தாழ்ப்பாள் வெளியேதான். அதற்கென்றே ஒரு கதவுக்காரர் உண்டு.

இன்று அவள் நுழையும்போது அவர், "கையக் காட்டுங்கம்மா," என்றார்.

"பள்ளிக்கூடத்துலகூட இப்படிப் பாத்ததில்லண்ணே."

"வெளிய வந்து சிரிச்சுக்கலாம். காட்டுங்க."

"அம்மா, சீக்கிரம் வந்துடுவியா?" என்றாள் மகள்.

"நீ நூறு எண்றதுக்குள்ள வந்துடுவேன் குட்டி."

மொட்டோ மசிவதாக இல்லை. அதற்கு வெந்நீர் ஆவி காட்டினாள், விளக்கைத் தள்ளி வைத்தாள், கிட்டே வைத்தாள், ஈரமண்ணும் புளித்த பழமும் கலந்த வாடையில் குனிந்து குனிந்து கழுத்து விட்டுப்போனது. "என்னதான் வேணும் உனக்கு?" என்று கத்தினாள். நகத்தைப் பார்த்தாள். வெள்ளை இல்லை. இன்னும் நேரம் இருக்கிறது. மறுபடி பார்த்தாள். இல்லை. மூன்றாம் முறை பார்க்கப் போனபோது விரல் அவள் பல்லுக்கிடையில் இருந்தது.

எரிச்சல் வந்தால் நகம் கடிப்பது சின்ன வயதுப் பழக்கம்.

கீழே பார்த்தாள். மடியில், மேசையில், தரையில், வெள்ளை வெள்ளையாக நகத்துணுக்குகள். இரண்டு கையாலும் அள்ளலாம். கழுத்தளவு வெட்டியிருந்த முடி இடுப்பில் உரசியது.

கதவைத் தட்டினாள். "அண்ணே! திறங்கண்ணே!"

வெளியே நல்ல வெயில். கதவுக்காரர் அசையவில்லை. மகள் அந்தரத்தில் நின்றாள், கயிறு தலைக்கு மேலே.

செடியைப் பிடுங்கத் திரும்பினாள். மொட்டு இல்லை. பூ. கெஞ்சியபோது வராத சனியன் இப்போது வந்திருந்தது. வெட்டினாள். வெட்டிய இடத்தில் இரண்டு பூத்தது. தொட்டியைத் தூக்கிக் கண்ணாடியில் எறிந்தாள். கண்ணாடியில் கீறல்கூட இல்லை.

கை பிளக்கும்வரை தட்டினாள். ஆறியபின் மறுபடி தட்டினாள். கதவுக்காரரின் தலை திரும்பத் தொடங்கியிருந்தது. அவ்வளவுதான்.

மகளின் கால் தரையைத் தொட்டது. அதற்குள் உள்ளே இவள் முடி நரைத்திருந்தது.

கயிறு தளர்ந்தது. மகளின் கண் மெல்ல இந்தப் பக்கம் வந்தது. உதடு விரிந்தது. அம்மாவைத் தேடும் சிரிப்பு. அந்தச் சிரிப்புக்காகவே அவள் கண்ணாடியோடு ஒட்டி உட்கார்ந்திருந்தாள். உட்கார்ந்தபடியே அவளுக்கு முதல் பல் விழுந்தது. அடுத்தது. கதவுக்காரரின் கை தாழ்ப்பாளுக்கு ஒரு சாண் தூரத்தில்.

மகளின் சிரிப்பு பாதியில் நின்றது.

புருவம் ஏறியது. கண் அகன்றது. இவள் பயந்துபோய்த் தன் பின்னால் திரும்பிப் பார்த்தாள். பூக்கள் மட்டும்தான்.

"குட்டி," என்றாள். கண்ணாடியில் கையை வைத்தாள்.

மகளின் வாய் திறந்துகொண்டே போனது. சத்தமில்லாமல் அலறிக்கொண்டிருந்தாள், அவளைப் பார்த்து.